பெரிய வெள்ளியன்று போட்டதாகச் சொன்ன தண்டோரா

யாரோ ஒருவர் எங்கள் வீட்டு வாசலில் டேப்பை வைத்து அளந்துகொண்டிருந்தார். சனிக்கிழமை காலை. அம்மா மீன் கூடையைக் கழுவிக்கொண்டிருந்தார்.

"இன்னாப்பா அளக்குற?"

"வீட்டைத்தாம்மா. கோர்ட் ஏலத்துல நான் எடுத்துக்கீறேன். உங்களுக்குத் தெரியாதா?"

அம்மா சிரித்துவிட்டார். "வேற வூடு பாரு, போ."

அவர் நீட்டிய தாளை நான் வாங்கிப் படித்தேன். நைனாவின், அதாவது என் அப்பாவின் பெயர். எங்கள் கதவு எண்.

நம் அன்பியச் செபக் குழுவில் உங்களில் பலருக்கு என்னைத் தெரியும். சாந்தோம் பக்கத்துச் சந்தில் பிறந்தவள். எங்கள் குடும்பத்தில் முதலில் பள்ளிக்கூடம் போனவள், கல்லூரி முடித்தவள் நான்தான். தி.நகரில் ஒரு துணிக்கடையில் கணக்கு பார்க்கிறேன். அதைத் தலை நிமிர்ந்தே சொல்வேன். அப்படிப்பட்ட என் வீடு எனக்கே தெரியாமல் விற்றுப்போயிருந்தது!

படகு இன்ஜினுக்காக நைனா வீட்டை அடமானம் வைத்தது எனக்குத் தெரியும். கடன் கொடுத்தவர் வழக்குப் போட்டதும், தீர்ப்பு வாங்கியதும் தெரியாது. "நீ மாசாமாசம் குடுத்துக்கினு இரு, கேஸை நான் வாபஸ் வாங்கிக்கிறேன்" என்று அவர் சொன்னாராம். நைனா நம்பிவிட்டார். கடலில் கொடுத்த வாக்கை யாரும் மீறுவதில்லை. கரையிலும் அப்படித்தான் என்று நினைத்துவிட்டார்.

ஏலத்தில் வீடு பாதி விலைக்குக்கூடப் போகவில்லை. இலவச சட்ட உதவி மையத்து வக்கீல் மேடத்திடம் ஓடினேன்.

"விலை கம்மின்னு மட்டும் சொன்னா ஏலம் ரத்தாகாதும்மா," என்றார். "ஏல அறிவிப்புல முறைகேடு இருக்கணும். அதால உங்களுக்கு நஷ்டம் வந்திருக்கணும். ரெண்டையும் காட்டணும். ஏலம் நடந்து அறுபது நாளுக்குள்ள மனு போட்டாகணும்."

ஏல அறிவிப்பைச் சேர்க்க வேண்டிய நீதிமன்ற ஊழியரான அமீனா கொடுத்த அறிக்கையின் நகலை வாங்கினோம். தெருவில் தண்டோரா போட்டதாகவும், கதவில் அறிவிப்பு ஒட்டியதாகவும் எழுதியிருந்தது. தேதி இருந்தது. சாட்சிக் கையெழுத்தும் இருந்தது. நாங்கள் எதையும் கேட்கவில்லை, பார்க்கவில்லை. ஆனால் எப்படி நிரூபிப்பது? மனு போடும் கெடு நெருங்கிவிட்டது. நைனா சாப்பிடுவதை நிறுத்திவிட்டார். எனக்குச் செபம் வரவில்லை. "ஆண்டவரே, ஏன்?" என்பதைத் தவிர வாயில் எதுவும் வரவில்லை.

அந்த வெள்ளிக்கிழமை நீங்கள் எங்கள் வீட்டுக்குச் செபமாலை சொல்ல வந்தீர்கள். அன்று இயேசுவின் பாடுகளை நினைக்கும் துயர மறையுண்மைகள். ஐந்தாவது வந்தது: இயேசு சிலுவையில் உயிர் விடுகிறார். உடனே பெரிய வெள்ளி வழிபாடு என் கண் முன் நின்றது. அந்த வருடம் பாடுகளின் வரலாற்றில் ஒரு பங்கை முதன்முதலாக நான்தான் வாசித்தேன். அது எந்தத் தேதி?

'அருள்நிறை மரியே' செபத்தின் பாதியில் எழுந்து பங்குக் காலண்டரைப் புரட்டினேன்.

"செபத்துல எங்கடி ஓடுற?" என்று எங்கள் சந்து லூர்து அக்கா அதட்டினார்.

"அக்கா, தண்டோரா போட்டதா எழுதிக்கீற தேதி பெரிய வெள்ளி!"

லூர்து அக்கா வெடித்தார். "அன்னிக்கு கோயில் மணிக்கே வாயைக் கட்டிட்டாங்கோ, மரக்கட்டைதான் தட்டுனாங்கோ! சந்தே சிலுவைப் பாதையில நின்னுச்சு. இவன் மட்டும் யாருக்குடி மேளம் அடிச்சான்?"

அன்று நீதிமன்றத்துக்கும் விடுமுறை. அறிக்கையில் கிழமை இல்லாததால் நாங்கள் கவனிக்கவில்லை. அதைப் பொய்யாகத் தயாரித்தவர்களும் கவனிக்கவில்லை.

கெடுவுக்குள் மனு போட்டோம். லூர்து அக்கா உட்பட சந்தே சாட்சி சொல்ல வந்தது. குறுக்கு விசாரணையில் வக்கீல் மேடம் அமீனாவிடம் கேட்டது ஒன்றுதான்: "அன்னிக்கு கோர்ட் வேலை நாளா?" அவர் "ஆமாம்" என்றார். மேடம் விடுமுறைப் பட்டியலை நீட்டினார். அமீனாவின் முகம் வெளுத்தது. ஆண்டவர் இவ்வளவு பக்கத்தில் நிற்பார் என்று நான் எதிர்பார்க்கவில்லை.

ஏலம் ரத்தானது. வாங்கியவருக்குப் பணத்தைத் திருப்பித் தரும்படி உத்தரவு வந்தது. கடன் ரத்தாகவில்லை, அதை மறைக்க மாட்டேன். இப்போது நைனா நீதிமன்றத்திலேயே தவணை கட்டுகிறார், ஒவ்வொன்றுக்கும் ரசீது வாங்குகிறார். ஞாயிறு பூசை முடிந்ததும் யாருக்கு எந்த நோட்டீஸ் வந்தாலும் நான் உட்கார்ந்து படித்துச் சொல்கிறேன்.

உங்களில் யாருக்காவது இப்படி ஒரு தாள் வந்திருக்கிறதா? வெட்கப்பட்டு ஒளித்து வைக்காதீர்கள். எங்களைக் கூப்பிடுங்கள். தாளையும் செபமாலையையும் எடுத்துக்கொண்டு வருகிறோம். எனக்குப் பதில் கொடுத்த ஆண்டவர் உங்கள் வீட்டுக்கும் வருவார். இறைவனுக்கு நன்றி.