முட்டையை அப்பாவிடம் கொடுத்துவிட்டுப் போன அம்மாக்கள்

பெரம்பலூர் டவுனைத் தாண்டி மக்காச்சோளக் காடுகள் தொடங்குகிற இடத்தில் எங்கள் பள்ளி. அங்கே எல்.கே.ஜி. வகுப்பு எடுப்பது நான்தான். அரியலூரிலிருந்து தினம் பஸ்ஸில் வந்து போகிறேன். அந்த வருஷம் பொங்கல் லீவு முடிந்து பள்ளி திறந்ததும், சுவர்ப் படத்தில் பென்குயின் முறை வந்தது.

"மிஸ், இது வெள்ளைச் சட்ட போட்ட காக்கா" என்றாள் ஒருத்தி.

காக்கா இல்லை என்று சொல்லி நிறுத்தியிருந்தால் பிரச்சினை இல்லை. முதல் நாள் ராத்திரிதான் டிவியில் பென்குயின் படம் பார்த்திருந்தேன். வாய் சும்மா இருக்கவில்லை. ஐஸ் தவிர வேறு ஒன்றுமே இல்லாத ஊரில் அது வாழ்கிறது, நம் ஃப்ரிட்ஜில் மேல் தட்டு இருக்கிறதே, அதைவிடக் குளிர் என்றேன். அம்மா பென்குயின் ஒரே ஒரு முட்டை போடும். போட்டதும் அதை அப்பாவிடம் கொடுத்துவிட்டுக் கடலுக்குச் சாப்பிடப் போய்விடும். அப்பா அந்த முட்டையைத் தன் பாதத்தின் மேல் வைத்து, தொப்பையால் மூடிக்கொண்டு, இரண்டு மாதம் போல நின்றபடியே இருக்கும். சாப்பாடு கிடையாது. கீழே வைத்தால் முட்டை உறைந்து போகும்.

"அப்பாவா?" என்று வகுப்பே கேட்டது.

"அப்பாதான்."

"சோறு?"

"கிடையாது."

மணி அடித்த பிறகும் பிள்ளைகள் அந்தச் சுவர்ப் படத்தைச் சுற்றியே நின்றார்கள்.

மறுநாள் காலை பள்ளி வாசலில் அம்மாக்கள் எனக்காகக் காத்திருந்தார்கள். ஏதோ புகார் என்று பயந்துகொண்டே போனேன். எல்லோர் முகத்திலும் சிரிப்பு.

"மிஸ், அந்தக் கதைய இன்னொருவாட்டி அழுத்திச் சொல்லுங்க" என்றார் ஒரு அம்மா. "ராத்திரி எம்புள்ள அவங்க அப்பா தட்டப் புடுங்கி வச்சிட்டான். நீ முட்டயப் பாத்துக்க, சாப்புடக் கூடாதுங்குறான்."

இன்னொரு அம்மா, "எங்க வூட்டுல எம்பொண்ணு அவர எந்திரிச்சு நிக்கச் சொல்லிட்டா. நானும் டிவி பாத்துட்டு இருந்துட்டேன்" என்றார்.

பின்னாலேயே அப்பாக்கள் தரப்பும் வந்தது. வேப்பந்தட்டையில் கோழிப்பண்ணை வைத்திருப்பவர் ஒருவர் வண்டியை நிறுத்தாமலே, "டீச்சர், எங்ககிட்ட ஆயிரக்கணக்குல கோழி இருக்கு. ஒரு சேவலும் முட்டைமேல உக்காந்து நான் பாத்ததில்ல. புள்ளைங்களுக்கு நல்லதா நாலு விஷயம் சொல்லிக்குடுங்க" என்று சொல்லிவிட்டுப் போனார்.

இது பிரின்சிபால் மேடம் காதுக்கு எட்டியது. கூப்பிட்டு அனுப்பினார். திட்டு வாங்கத் தயாராகப் போனேன். அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே, "ஆண்டு விழாவுக்கு உங்க கிளாஸ் அயிட்டம் என்ன?" என்று கேட்டார்.

"கரகம்னு யோசிச்சேன், மேடம்."

"வருஷா வருஷம் கரகம். சொம்பு கீழ விழுந்து நெளியும். இந்தப் பென்குயினப் போடுங்க. புள்ளைங்க குஞ்சு. அம்மாக்கள் அம்மா. அப்பாக்கள் வந்து மேடையில முட்டயோட நிக்கட்டும்."

"வருவாங்களா, மேடம்?"

"வரலன்னா அவங்கவங்க வூட்டுல கேட்டுக்குவாங்க."

அவர் சொன்னதுபோலவே நடந்தது. முதல் ஒத்திகைக்கு எட்டு அப்பாக்கள் வந்து நின்றார்கள். ஒருவரும் தானாக வந்த மாதிரி தெரியவில்லை. கோழிப்பண்ணைக்காரரும் வந்திருந்தார், கையில் முட்டை அடுக்கிய ஒரு அட்டையோடு. "செய்யறதுதான் செய்யறோம், நெச முட்டயிலயே செய்வோம்" என்றார். செருப்பைக் கழற்றி, ஆளுக்கொன்றைப் பாதத்தில் வைத்து, கூட்டமாக நெருங்கி நிற்கச் சொன்னேன். குளிர் தாங்காமல் பென்குயின்கள் அப்படித்தான் ஒட்டி நிற்கும், வெளி வரிசையில் நிற்பது கொஞ்ச நேரத்தில் உள்ளே போகும், உள்ளே இருப்பது வெளியே வரும் என்று விளக்கினேன்.

இரண்டு அடி நகர்ந்தார்கள். மைதானம் முழுக்க மஞ்சள் கரு. அட்டையில் மீதி இருந்தவையும் அடுத்தடுத்த சுற்றுகளில் போயின. அம்மாக்கள் வேப்பமரத்தடியில் உட்கார்ந்து வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். மறுநாளிலிருந்து வெள்ளைத் துணி சுற்றிய ரப்பர் பந்து என்று முடிவானது. குன்னத்திலிருந்து வருகிற ஒரு அப்பா பனிக்காக ஒரு மூட்டைப் பருத்தி கொண்டுவந்து இறக்கினார்.

உடைக்கு அதிகம் யோசிக்கவில்லை. முன்பக்கம் வெள்ளை, அதற்கு வேட்டி. பின்பக்கம் கறுப்பு. லப்பைக்குடிக்காட்டிலிருந்து வருகிற ஒரு குட்டியின் அம்மா வீட்டிலேயே பர்தா தைப்பவர். "எங்கிட்ட கறுப்புத் துணி கெடக்கு மிஸ், எத்தன பென்குயின் வேணும் சொல்லுங்க" என்று கேட்டு எல்லாவற்றையும் அவரே தைத்துக் கொடுத்தார். அட்டையில் முகத்தையே மூடுகிற மாதிரி பெரிய மூக்கு செய்து, ரப்பர் போட்டோம்.

அளவு எடுக்க வந்த அன்று அவர் கணவரையும் கூட்டி வந்தார். துபாயில் ஒரு மளிகைக் கடையில் வேலை. லீவில் வந்து பத்துப் பன்னிரண்டு நாள் ஆகியிருக்கும். நல்ல உயரம். எங்கள் வகுப்புப் பெஞ்சில் உட்கார்ந்ததில் முழங்கால் மோவாய்க்கு வந்துவிட்டது. அவரைப் பார்த்ததும் அவர் மகள், என் வகுப்புக் குட்டி, ஓடிவந்து என் சேலைக்குப் பின்னால் ஒளிந்துகொண்டாள்.

"அத்தா வந்திருக்காங்க பாரு" என்றேன்.

"இவங்க அத்தா இல்ல" என்றாள் முந்தானைக்குள்ளிருந்து. "அத்தா போன்ல இருக்காங்க. அத்தா சின்னவங்க."

உள்ளங்கையை விரித்து அளவு காட்டினாள். அவள் கைக்குழந்தையாக இருந்தபோது போனவர். அப்புறம் அவள் பார்த்ததெல்லாம் போனுக்குள் அடங்கிய ஒரு சின்ன மனிதரைத்தான். அது இத்தனை பெரிதாகிக் கதவு வழியாகக் குனிந்து வரும் என்று அவளிடம் யாரும் சொல்லியிருக்கவில்லை.

"வந்த அன்னக்கி ஏர்போர்ட்லயே ஒரே அழுகை மிஸ்" என்றார் அம்மா. சிரித்துக்கொண்டுதான் சொன்னார், ஆனால் கணவர் முகத்தைப் பார்க்காமல் சொன்னார். "நேத்து எம்போன எடுத்துக் காதுல வச்சுகிட்டு, 'அத்தா, நம்ம வூட்டுல யாரோ ஒரு மாமா வந்து தூங்குறாங்க, சீக்கிரம் வாங்க'ங்குறா. இவங்க பக்கத்துலயே உக்காந்திருக்காங்க."

அவர் சட்டைப் பையிலிருந்து ஒரு சாக்லேட்டை எடுத்துக் காட்டினார். "சாக்லேட் குடுத்தா வாங்கிக்கறா மிஸ். வாங்கிட்டு ஓடிடுறா." மேஜைமேல் கிடந்த அட்டை மூக்கை எடுத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "இதுல மொகம் தெரியாதுல்ல? அப்ப நானும் நிக்கறேன். நான்னு அவளுக்குத் தெரிய வேணாம். பக்கத்துலயாவது நின்னுக்கறேன்."

ஒத்திகை சூடு பிடித்தது. முட்டையோடு நிற்கும் காட்சியில் அப்பாக்களுக்குப் பேச்சு முற்றிவிடும். பயிர், மழை, கிரிக்கெட் என்று கூட்டத்துக்குள்ளிருந்து சத்தம் வந்துகொண்டே இருக்கும். "பட்டினி கெடக்குற பென்குயின் இவ்வளவு பேசாது" என்று நான் கத்துவேன். பஸ் கண்டக்டராக இருக்கிற ஒரு அப்பா மட்டும் காரியத்தில் கண்ணாக இருந்தார். "உள்ள போங்க, உள்ள போங்க, நடுவுல எடம் இருக்கு பாருங்க" என்று வெளி வரிசையை உள்ளே தள்ளி, உள் வரிசையை வெளியே இழுத்தார். நான் சொல்லிப் புரியாதது அவர் ஒரு குரல் கொடுத்ததும் எல்லோருக்கும் புரிந்தது.

கடல் எந்தப் பக்கம் என்று ஒரு வாக்குவாதம் வந்தது. மேடையின் இடது பக்கம், அரியலூர்த் திசை என்று பிரின்சிபால் மேடம் தீர்ப்புச் சொன்னார். அங்கே ஒரு காலத்தில் நிஜமாகவே கடல் இருந்ததாம், கல்லுக்குள் சிப்பி கிடைக்கிறதாம். எங்கள் ஊரில் சிமெண்ட் லாரிப் புழுதியைத் தவிர நான் எதையும் பார்த்ததில்லை. இருந்தாலும் பெருமையாகத்தான் இருந்தது.

கடைசிக் காட்சிதான் கஷ்டம். குஞ்சு பொரிந்ததும் அம்மா கடலிலிருந்து வந்துவிடும், அப்பா சாப்பிடப் போகும். பிறகு மாறி மாறிப் போய் வருவார்கள். குஞ்சுகள் வளர்ந்ததும் எல்லாவற்றையும் ஓரிடத்தில் நிற்க விட்டு இருவருமே போய்விடுவார்கள். இதைச் சொன்னபோது, "அப்ப அங்கயும் எல்.கே.ஜி. இருக்கு" என்று பிரின்சிபால் மேடம் மேஜையைத் தட்டிச் சந்தோஷப்பட்டார். கடலிலிருந்து திரும்பி வருகிற பென்குயினுக்குக் கூட்டத்தில் தன் குஞ்சு எது என்று முகத்தைப் பார்த்துத் தெரியாது. எல்லாம் ஒரே மாதிரி இருக்கும். கூப்பிட்டுப் பார்த்துத்தான் கண்டுபிடிக்கும். குஞ்சும் குரலை வைத்துத்தான் ஓடிவரும்.

அதனால் ஒவ்வொரு அப்பாவும் கடலிலிருந்து வந்து, மூக்கை மாட்டியபடியே, தனக்கென்று ஒரு சத்தம் கொடுக்க வேண்டும் என்றேன். லப்பைக்குடிக்காட்டுக்காரர் மட்டும் ஒத்திகையில் எதுவும் கத்தவில்லை. "அன்னக்கிப் பாத்துக்கலாம் மிஸ்" என்று ஒதுங்கிக்கொண்டார். அவர் மகளுக்கு அவள் அம்மா குரல் கொடுப்பது என்று ஏற்பாடு செய்துவைத்தேன்.

விழா நாள் வந்தது. மேடை முழுக்கப் பருத்தி. விளக்குச் சூட்டில் கறுப்புத் துணிக்குள் அப்பாக்களுக்கு வேர்த்து ஊற்றியது. 'கடுங்குளிரில் தவிக்கும் தந்தைப் பறவைகள்' என்று நான் மைக்கில் உருக்கமாகப் படித்துக்கொண்டிருந்தபோது, கோழிப்பண்ணைக்காரர் வேட்டி நுனியால் விசிறிக்கொண்டிருந்தார். அம்மாக்கள் அரியலூர்ப் பக்கம் கடலுக்குப் போகிறபோது திரும்பிப் பார்த்துக் கையசைக்க வேண்டும். ஒருவர்கூடத் திரும்பிப் பார்க்கவில்லை. கைகோத்துச் சிரித்துக்கொண்டே போனார்கள். கீழே இருந்த பெண்கள் விசிலடித்தார்கள். முட்டை ஒன்று உருண்டு மேடையிலிருந்து விழுந்தது. முன்வரிசையில் இருந்த சிறப்பு விருந்தினர் அதை எடுத்துப் பணிவாகத் திருப்பிக் கொடுத்தார்.

கடைசிக் காட்சி. குஞ்சுகள் எல்லாம் சாம்பல் நிற உடுப்பில் நடுவில் நின்றன. ஒவ்வொரு அப்பாவாக ஆடி ஆடி வந்தார்கள். கோழிப்பண்ணைக்காரர், "பா... பா... பா..." என்று தீனிக்குக் கூப்பிடுவதுபோலக் கூப்பிட்டார். அவர் பிள்ளையோடு சேர்ந்து இன்னும் இரண்டு பிள்ளைகள் ஓடின. கண்டக்டர், "போலாம் ரைட்!" என்றார். அவர் மகன் பறந்து வந்து காலைக் கட்டிக்கொண்டான். கூட்டம் குறைந்து குறைந்து கடைசியில் அந்தக் குட்டி மட்டும் பருத்திக்கு நடுவில் நின்றாள். நான் அவள் அம்மாவுக்குச் சைகை காட்டினேன். அவர் தலையாட்டி மறுத்தார்.

உயரமான பென்குயின் ஒன்று மெதுவாக முன்னால் வந்தது. இரண்டு தடவை ஆரம்பித்து நிறுத்தியது. பிறகு குரலை இறக்கி, ராகம் போட்டு, "அத்தா எங்க... அத்தாவக் காணோமே..." என்றது.

அந்தக் குட்டி சட்டென்று நிமிர்ந்தாள். முதலில் கையைப் பார்த்தாள். கையில் போன் இல்லை. மேடையைச் சுற்றிப் பார்த்தாள்.

"அத்தாவக் காணோமே..."

"இருக்காங்களே!" என்று கத்திக்கொண்டு ஓடினாள். அவர் முட்டிபோட்டு உட்கார்ந்தார். அவள் நேராக அட்டை மூக்கைப் பிடித்து இழுத்தாள். ரப்பர் அறுந்து மூக்கு கையோடு வந்தது. உள்ளே வேர்த்து நனைந்த முகம். இவ்வளவு பக்கத்தில் அதை அவள் பார்த்ததில்லை. கன்னத்தைத் தொட்டுப் பார்த்தாள். பிறகு, "பெருசாயிட்டீங்க" என்றாள்.

மைக் அருகில் இருந்ததால் எல்லோருக்கும் கேட்டது. நான் அடுத்து படிக்க வேண்டிய வரியை விட்டுவிட்டேன். பிரின்சிபால் மேடம் மறுபடியும் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

பிறகுதான் குட்டியின் அம்மா விஷயத்தைச் சொன்னார். போனில் கூப்பிடும்போதெல்லாம் கணவர் முதலில் கேமராவைக் கட்டைவிரலால் மூடிக்கொண்டு, இருட்டிலிருந்து இதைத்தான் சொல்வாராம். அவள் "இருக்காங்களே" என்றால்தான் விரலை எடுப்பாராம். "இத வூட்டுல சொல்லிருக்கலாம்ல, வந்த அன்னக்கே தீந்திருக்கும்" என்று கணவரை முறைத்தார். "மொகத்தக் காட்டிக்கிட்டு எப்புடிச் சொல்றது?" என்றார் அவர். ஆள் வெட்கப்பட்டது எனக்கே தெரிந்தது.

சாப்பாட்டுப் பந்தியில் தகப்பன் மடியை விட்டு அவள் இறங்கவில்லை. "அத்தா ரெண்டு மாசம் சாப்புடக் கூடாது" என்று அவர் தட்டின்மேல் கையை வைத்துக்கொண்டாள். அவர் பரிதாபமாக என்னைப் பார்த்தார். கடலுக்குப் போய்வந்த பென்குயின் தாராளமாகச் சாப்பிடலாம் என்று நான் உத்தரவு கொடுத்த பிறகுதான் கையை எடுத்தாள். அவரும் இரண்டு பிளேட் பிரியாணி சாப்பிட்டார்.

ஆனால் உடையை மட்டும் கழற்ற விடவில்லை. கழற்றினால் மறுபடி அந்த மாமா வந்துவிடுவாரோ என்று பயமோ என்னவோ. கறுப்புத் துணி, வேட்டி, அறுந்த ரப்பரை முடிச்சுப் போட்டு நெற்றியில் தூக்கிவிட்ட அட்டை மூக்கு, அப்படியே ஸ்கூட்டரில் கிளம்பினார்கள். அவள் முன்னால் நின்றுகொண்டாள். அம்மா பின்னால்.

மீதிக் கதை திங்கட்கிழமை அந்த அம்மா வாசலில் சொன்னது. டவுன் தாண்டுகிற இடத்தில் போலீஸ் கைகாட்டி நிறுத்தியிருக்கிறார்கள். கான்ஸ்டபிள் டார்ச் அடித்து மேலும் கீழும் பார்த்திருக்கிறார்.

"ஹெல்மெட் எங்க?"

"மூக்கு இடிக்குது சார்" என்றாராம் இவர்.

"என்னய்யா வேஷம் இது? யார் நீ?"

இவர் பதில் சொல்வதற்குள் முன்னால் நின்ற பென்குயின் குஞ்சு கான்ஸ்டபிளை அதட்டியிருக்கிறது. "இது எங்க அத்தா. துபாய்லேர்ந்து வந்திருக்காங்க. லைட்ட அணைங்க, அவங்களுக்குக் கண்ணு கூசுது."

கான்ஸ்டபிள் டார்ச்சை அணைத்துவிட்டாராம்.