மனைவியை இழந்த எழுத்தாளர்

பத்தாம் வகுப்பில் எங்களுக்கு ஆங்கிலத் துணைப்பாடமாக ஒரு நாவலின் சுருக்கம் இருந்தது. நூறு வருஷத்துக்கும் முன்னால் இங்கிலாந்தில் எழுதப்பட்டது. இல்லாத பவுசை இருப்பதாகக் காட்டிக்கொண்டு, பெரிய இடத்து விருந்துக்கு அழைப்பு வராதா என்று ஏங்கிச் சாகிறவர்களைப் பக்கத்துக்குப் பக்கம் கேலி செய்திருப்பார் அந்த எழுத்தாளர். எனக்குப் பாதிதான் புரிந்தது. ஆங்கிலத்தில் இரண்டு முறை தோற்றுப் பள்ளிக்கூடத்தை விட்டேன். ஆனால் கைடு புத்தகத்தில் தமிழில் போட்டிருந்த ஆசிரியர் குறிப்பு மட்டும் மனதில் தங்கிவிட்டது. அவர் கல்கத்தாவில் பிறந்தவர். கும்பெனி உத்தியோகத்தில் இருந்த அப்பா செத்துப்போக, சின்னப் பிள்ளையை அம்மாவிடமிருந்து பிரித்துக் கப்பலில் ஏற்றிச் சீமைக்கு அனுப்பிவிட்டார்கள். அப்பாவின் சொத்து சூதாட்டத்திலும் திவாலான கம்பெனிகளிலும் கரைந்தது. கேலிப் பத்திரிகைகளில் படம் வரைந்தும் எழுதியும் பிழைத்தார். இளம் வயதிலேயே மனைவியை இழந்தும் நகைச்சுவை குறையாமல் எழுதினார் என்று குறிப்பு முடியும்.

பரீட்சைக்காகப் படித்ததுதான். இருந்தாலும் அந்தக் கடைசி விஷயம் எனக்குப் பிடித்திருந்தது. பெண்டாட்டி செத்த பிறகும் ஒருத்தன் ஊரைச் சிரிக்கவைத்தான் என்றால் அவன் கெட்டிக்காரன் என்று நினைத்தேன். அப்போது எனக்குக் கல்யாணம் ஆகவில்லை.

பள்ளிக்கூடத்தை விட்டபின் ஓரிடத்தில் தங்கவில்லை. உளுந்தூர்பேட்டையில் லாரி கிளீனராக ஏறி விஜயவாடா வரைக்கும் போனேன். செங்கல் சூளையில் இருந்தேன். களமருதூரில் எங்களுக்குக் குத்தகை நிலம் கொஞ்சம் உண்டு. நடவுக்கும் அறுப்புக்கும் வருவேன், பிறகு கிளம்பிவிடுவேன். கடைசியில் கல்வராயன் மலைமேல் சாமை, கடுக்காய், புளி என்று பருவத்துக்குக் கிடைப்பதை வாங்கிக் கீழே கொண்டுவந்து கடைகளில் போடும் வேலை பிடித்துப்போனது. ஏறவும் இறங்கவுமாக இருக்கும் வேலை. அதனால்தான் பிடித்தது.

என் மனைவி அத்தை மகள். என்னை விட வாய் அதிகம். நான் யாருக்காவது பட்டப்பெயர் வைத்தால் அவள் அதை விட நல்லதாக ஒன்று வைப்பாள். எங்கள் சித்தப்பா வெள்ளை வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு, நிலம் எல்லாம் தன்னுடையதுபோல வரப்பில் நடப்பார். அவருக்கு "வாடகை மிராசு" என்று பெயர் வைத்தவள் அவள்தான். சிரிக்கும்போது முந்தானையை வாயில் வைத்துக்கொள்வாள். அப்படியும் சத்தம் வெளியே வரும்.

பெண் குழந்தை பிறந்த பிறகு அந்தச் சிரிப்பு நின்றது. முதலில் தூக்கம் போனது. பிறகு பேச்சு. குழந்தை அழுதால் காதைப் பொத்திக்கொண்டு சுவரோரம் போய் உட்கார்ந்துவிடுவாள். ஒருநாள் கிணற்றடியில் உட்கார்ந்து உள்ளேயே பார்த்துக்கொண்டிருந்தாள். கூப்பிட்டும் திரும்பவில்லை. அன்றிலிருந்து அவள் முந்தானையை என் மணிக்கட்டோடு துண்டால் முடிந்துகொண்டு படுத்தேன். அவள் எழுந்தால் துண்டு இழுக்கும், நானும் எழுவேன். குழந்தையை என் அக்கா எடுத்துப்போய் வளர்த்தாள். கோயிலில் மந்திரித்துக் கயிறு கட்டினோம், தாயத்து வாங்கினோம். ஆஸ்பத்திரியில் மாத்திரை தந்தார்கள். அதைப் போட்டால் தூங்கினாள், எழுந்தால் பழையபடிதான்.

எங்கள் சாதிக்குப் படிப்பிலும் வேலையிலும் தனியாக இடம் கேட்டுப் போராட்டம் நடந்துகொண்டிருந்த வருஷங்கள் அவை. கூட்டம், மறியல், கைது என்று எப்போதும் ஏதாவது இருக்கும். மரங்களை வெட்டிச் சாலையில் போட்ட வாரத்தில் நான் மலைமேல் வெள்ளிமலையில் இருந்தேன். சாமை அறுப்பு நேரம். கையில் ஒன்றும் இல்லாததால் அவளை அத்தையிடம் விட்டுவிட்டு மலையேறியிருந்தேன். உளுந்தூர்பேட்டைக்கு வாரம் ஒருமுறை வரும் டாக்டரிடம் அவளைக் கூட்டிப்போவதாக அத்தை சொல்லியிருந்தாள். அவர்கள் பஸ் ஏறிப் போய்ச் சேர்ந்தார்கள். அதற்குள் சாலை அடைபட்டுவிட்டது.

மலையடிவாரத்துக் கச்சிராயபாளையத்தில் இறங்கியபோது டீக்கடையில் தெரிந்த ஆள் ஒருவர் எழுந்து வந்து என் தோளைப் பிடித்தார்.

"தைரியமா இருப்பா. உன் வூட்ல தவறிட்டாங்களாம். தியாகதுருகத்துலேர்ந்து சைக்கிள்ல வந்தவங்க சொன்னாங்க."

எங்கள் பக்கம் செத்துப்போனார்கள் என்று யாரும் முகத்துக்கு நேரே சொல்லமாட்டார்கள். தவறிட்டாங்க என்பார்கள். நான் தலையில் இருந்த மூட்டையை அங்கேயே இறக்கிவைத்தேன். வூட்ல என்றால் பெண்டாட்டி. எப்படி என்று கேட்கக்கூட இல்லை. கிணறுதான் ஞாபகம் வந்தது.

கள்ளக்குறிச்சியிலிருந்து பஸ் இல்லை. நடந்தேன். புளியமரங்களும் வேலமரங்களும் கிளையோடு சாலையில் கிடந்தன. ஒவ்வொரு மரத்தடியிலும் எங்கள் ஆட்கள் கூட்டமாக நின்றார்கள்.

"இன்னாய்யா, நாங்க மரத்த வெட்டிப் போட்டுக்கினு கீறோம், நீ பாட்டுக்குத் தாண்டிக்கினு போற?" என்று ஒருவன் மறித்தான்.

"எம் பொண்டாட்டி தவறிட்டா."

அவன் சட்டென்று விலகினான். "சாவுக்குப் போறாரு, வழி வுடுங்கடா" என்று கத்தினான். அதற்குப் பிறகு எனக்கு எந்த மரத்திலும் தடையில்லை. ஓரிடத்தில் தண்ணீர் கொடுத்தார்கள். இன்னோரிடத்தில் கிளையை இழுத்து வழி விட்டார்கள். அந்த வாரம் அந்தச் சாலையில் என்னைப்போல மரியாதையாக நடந்து போனவர்கள் குறைவாகத்தான் இருந்திருப்பார்கள்.

வீட்டுக்குப் போனபோது வாசலில் பந்தல் போட்டிருந்தது. பச்சை மூங்கிலில் பாடை கட்டிச் சாய்த்து வைத்திருந்தார்கள். பறையடிக்க ஆள் வந்து உட்கார்ந்திருந்தார்கள். பெண்கள் கட்டிப்பிடித்து அழுதார்கள். நான் உள்ளே போய்ப் பார்த்தேன். யாரும் படுத்திருக்கவில்லை.

"எங்க வெச்சிருக்கீங்க?" என்றேன்.

சித்தப்பா என்னை ஒருமாதிரி பார்த்தார். "இன்னாடா இது, நீ எடுத்தாருவன்னுதான நாங்க உக்காந்துகினு கீறோம். உளுந்தூர்பேட்டையில தவறிட்டான்னு சேதி வந்துச்சே."

அந்த நேரத்தில் அத்தை வந்தாள். உளுந்தூர்பேட்டையிலிருந்து நடந்தே வந்திருக்கிறாள். காலெல்லாம் புழுதி. பந்தலையும் பாடையையும் பார்க்காததுபோல நேராக என்னிடம் வந்தாள்.

"கெடச்சாளா மாப்ள?"

கட்டிப்பிடித்து அழுத பெண்கள் கையை எடுத்துக்கொண்டார்கள்.

"ரவுண்டானாண்ட ஒரே கும்பலு. போலீசு தொரத்திச்சு. எங்கைய வுட்டுட்டு ஓடிட்டா. தேடித் தேடிப் பாத்தேன். எம் பொண்ணு தவறிடுச்சு, மாப்ளைக்குச் சொல்லுங்கன்னு போறவங்க வர்றவங்ககிட்டல்லாம் சொல்லி வுட்டேனே. ஒருத்தரும் தேட வரலியே?"

கூட்டத்தில் கை நழுவிப் போனாலும் எங்கள் பக்கம் அதே சொல்தான். அத்தை சொன்னது சரி. சைக்கிளில் வந்தவர்கள் சொன்னதும் சரி. இடையில் எத்தனை பேர் வாய் மாறியதோ, ஒருத்தர்கூட ஒரு சொல்லையும் மாற்றவில்லை. அவள் உளுந்தூர்பேட்டைத் தெருவில் அலைந்துகொண்டிருந்தபோது ஊரே இங்கே உட்கார்ந்து அவளுக்காக அழுதுகொண்டிருந்தது. பறைக்காரர் ஒருவர் தோளில் பறையை மாட்டிக்கொண்டு எழுந்து போனார். எனக்குச் சிரிப்பு வந்தது. வெட்கமில்லாமல் வந்தது. அவள் இருந்திருந்தால் முந்தானையை வாயில் வைத்திருப்பாள் என்று நினைத்ததும் நின்றுவிட்டது.

திரும்பி நடந்தேன். உளுந்தூர்பேட்டையில் லாரிகள் வரிசையாக நின்றிருந்தன. ஒவ்வொன்றின் அடியிலும் குனிந்து பார்த்தேன். ஓட்டல் பின்கட்டுகளில், ரயில்வே ஸ்டேஷனில், கோயில் மண்டபத்தில் பார்த்தேன். போலீஸ் ஸ்டேஷனில், இருக்கிற கெடுபிடியில் பொம்பளையைத் தேட ஆள் இல்லை என்றார்கள். சாலை திறந்தது. நின்றிருந்த லாரிகள் மெட்ராஸ் பக்கமும் திருச்சி பக்கமும் போய்விட்டன. ஏதாவது ஒன்றில் ஏறிப் போயிருப்பாள் என்று நானே நம்ப ஆரம்பித்தேன். கிளீனராகப் போன எனக்கு அந்தச் சாலை எவ்வளவு நீளம் என்று தெரியும்.

பல நாள் கழித்து, கச்சிராயபாளையத்தில் இறக்கிவிட்டு வந்த சாமையைக் கொண்டுவந்து உளுந்தூர்பேட்டையில் பாய் ஒருவரின் மளிகைக் கடையில் போடப் போனேன். எனக்குப் புதிய கடை, சந்துக்குள் இருந்தது. மூட்டையைப் பின்கட்டில் இறக்கச் சொன்னார். அங்கே ஒரு பெண் முறத்தில் உளுந்து புடைத்துக்கொண்டிருந்தாள். முதுகைப் பார்த்தே தெரிந்துவிட்டது.

பேர் சொல்லிக் கூப்பிட்டேன். திரும்பிப் பார்த்தவள் முறத்தைப் போட்டுவிட்டு அலறினாள். ஓடிப்போய் கடைக்காரர் மனைவியைக் கட்டிக்கொண்டாள்.

"போலீசு அடிச்சி வெரட்டிக்கினு வந்தப்ப பின்பக்கக் கதவாண்ட குந்திக்கினு இருந்துச்சு தம்பி" என்றார் அந்த அம்மா. "பேரு கேட்டா சொல்லல, ஊரு கேட்டா சொல்லல. வெளிய வுட மனசு வரல. இங்க நல்லாத்தான் துன்னுது, தூங்குது. நம்ம பொண்ணுங்களோட சிரிக்குதுகூட."

"சிரிக்கிறாளா?" என்று கேட்டேன். நான் கேட்டது அது ஒன்றுதான்.

பாய் நல்ல மனிதர். "உங்க வூட்டம்மா, நீங்க கூட்டிக்கினு போங்க தம்பி. ஆனா கொஞ்சம் பதமா" என்றார். அத்தையை வரவழைத்துக் கூட்டிப்போனோம். வீட்டு வாசலை மிதித்ததும் அவள் வாய் மூடிக்கொண்டது. சோற்றைத் தொடவில்லை. குழந்தையைக் காட்டினால் சுவரில் தலையை மோதினாள். மறுபடியும் துண்டை எடுத்து முடிந்தேன். இந்த முறை அவள் என் கையைக் கடித்தாள். நாளாக நாளாக எலும்பாகிக்கொண்டே வந்தாள். கடைக்கார அம்மா பார்க்க வந்தபோது எழுந்து அவர் பின்னாலேயே பஸ் ஸ்டாப் வரைக்கும் போய் நின்றாள்.

சித்தப்பா கத்தினார். "பாய் வூட்ல வுட்டா ஊர்ல இன்னா பேசுவாங்க? நம்ம கௌரவம் இன்னாவறது?"

"கௌரவத்துக்கு ஒரு வாய் சோறு ஊட்டிப் பாருங்க சித்தப்பா, துன்னுதான்னு" என்றேன்.

அத்தை அழவில்லை. மாற்றுச் சேலைகளைப் பையில் எடுத்துக்கொண்டாள். மூன்று பேரும் பஸ் ஏறினோம். அவளையும் பையையும் கடைக்கார அம்மாவிடம் விட்டுவிட்டு இரண்டு பேர் திரும்பினோம்.

அந்த மழைக்காலத்தில், பஸ்ஸுக்குக் காத்திருக்கும்போது கள்ளக்குறிச்சிக் கிளை நூலகத்தில் ஒதுங்கினேன். மேலைநாட்டு எழுத்தாளர்களின் வாழ்க்கையைத் தமிழில் சொல்லும் பழைய புத்தகம் ஒன்று கிடைத்தது. அட்டை இல்லை. அதில் என் பத்தாம் வகுப்பு எழுத்தாளர் இருந்தார்.

அவர் மனைவி சாகவில்லை.

மூன்றாவது பெண் பிறந்த பிறகு அவளுக்குப் புத்தி கலங்கியது. கப்பலில் போகும்போது கடலில் குதித்துவிட்டாள். பாவாடை விரிந்து மிதக்க, படகு போட்டு மீட்டார்கள். அதற்குப் பிறகு இரவில் அவள் இடுப்பையும் தன் இடுப்பையும் ஒரு நாடாவால் கட்டிக்கொண்டு அவர் படுத்தார். ஊர் ஊராக வைத்தியம் பார்த்தார். கடைசியில் அன்பான ஒரு குடும்பத்திடம் விட்டார். அங்கே அவள் அமைதியாக இருந்தாள். ஊரே கொண்டாடிய கேலி நாவல்களை அவர் எழுதியது அதற்குப் பிறகுதான். அவர் செத்த பிறகும் அவள் முப்பது வருஷம் இருந்தாள்.

கைடு எழுதியவர் இழந்தார் என்ற சொல்லைத் தெரிந்து போட்டாரோ தெரியாமல் போட்டாரோ. நான் நாடா என்ற இடத்தைத் தாண்டிப் படிக்க நேரமானது. நூலகர் விளக்கை அணைக்கப் போவதாகச் சொன்னார். பஸ் போயிருந்தது. அந்த எழுத்தாளர் பெண்டாட்டி செத்த துக்கத்தை மறைத்துச் சிரித்தார் என்று அத்தனை வருஷம் நினைத்திருந்தேன். செத்திருந்தால் அழுது முடித்திருக்கலாம். அவர் அவளைப் பார்க்கப் போனபோது அவள் அவரை எப்படிக் கூப்பிட்டாள் என்று அந்தப் புத்தகத்தில் இல்லை.

நான் போகிறேன். முதல் வருஷம் எதிர்ப் பக்கம் நின்று பார்த்துவிட்டு வந்துவிடுவேன். பிறகு பருவத்துக்குப் பருவம் சரக்கோடு போக ஆரம்பித்தேன். அலறுவது நின்றது. பயமும் போனது. என் முகமே அவளுக்கு மறந்துபோய்விட்டது என்று பாய் மெதுவாகச் சொன்னார். மகளுக்குப் பேச்சு வந்து என் அக்காவை அம்மா என்று கூப்பிடுகிறாள். அதை நான் அங்கே சொல்வதில்லை.

போன மாசி கடைசியில் மலைப்புளி கொண்டுபோனேன். அவள் பின்கட்டில் உட்கார்ந்து புளி தட்டிக்கொண்டிருந்தாள். உடம்பு தேறியிருந்தது. என் மூட்டையிலிருந்து ஒன்றை எடுத்து உடைத்து, பிதுக்கிப் பார்த்து, கொஞ்சம் வாயில் போட்டாள்.

"புளி நல்லாத்தான் கீது. கொட்டைதான் ஜாஸ்தி. இன்னாண்ணா, எங்க பாய ஏமாத்தலாம்னு பாக்குறியா?"

சொல்லிவிட்டு முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு சிரித்தாள். கடைக்கார அம்மா உள்ளே எழுந்து போய்விட்டார்.

"இல்லம்மா" என்றேன். "மலையில எடுத்தது அப்டியே. அடுத்த தபா நல்லதா பாத்து எடுத்தாறேன்."

"எடுத்துக்கினு வா" என்றாள். அடுத்த மூட்டையை இழுத்துப் பிரித்தாள்.