ஆனி தமிழில் சொன்ன பதில்

சாந்தோமில் ஆனியைப் பிரெஞ்சு டீச்சர் என்றால்தான் தெரியும். அவள் கணவன் நோயல், அடையாற்றில் ஒரு பெரிய கிளப்பின் நீச்சல் பயிற்சியாளன்.

அன்று காலை வேலைக்குப் போனவன் சீக்கிரமே திரும்பிவிட்டான். சாப்பிடவில்லை. போன் அடிக்கும்போதெல்லாம் பால்கனிக்கு எழுந்து போனான். மாலையில் ஆனி கிளம்பும்போது, "இன்னிக்குப் போகாதயேன். தலைவலின்னு சொல்லிடு," என்றான். ஏனென்று கேட்டாள். மறுபடி போன் அடித்தது; பால்கனிக்குப் போய்விட்டான்.

கோடம்பாக்கத்து ஸ்டூடியோவில் நேரலைப் பேட்டி. வந்திருந்தவர் ஐசாத்தா, தன் நாட்டு அணிக்காக நீந்திய முதல் கறுப்பினப் பெண். அவருடைய பிரெஞ்சைத் தமிழில் சொல்வது ஆனியின் வேலை. சிறுவயதில் தான் குளத்தில் இறங்கினால் தாய்மார்கள் தங்கள் பிள்ளைகளைக் கரையேற்றிவிடுவார்கள் என்றார் ஐசாத்தா. ஆனி தடுமாறாமல் சொன்னாள்.

"எங்க சென்னை எப்படி இருக்கு?" என்று சிரித்தபடி கேட்டார் தொகுப்பாளர்.

ஐசாத்தா சற்று யோசித்துவிட்டு, காலையில் நடந்ததைச் சொன்னார். கிளப்பின் பெயரையும் சொன்னார். அது நோயல் வேலை பார்க்கும் கிளப். அங்கே காலைப் பயிற்சியாளர் ஒருவர்தான்.

காதுக்கருவியில் தயாரிப்பாளரின் குரல் வந்தது: "அத வுட்டுடுங்க மேடம். அந்தக் கிளப்தான் ஸ்பான்சர்."

ஆனி கேமராவைப் பார்த்து, ஐசாத்தா சொன்னதை அப்படியே தமிழில் சொன்னாள். "நான் இறங்கியதும் தண்ணீரிலிருந்தவர்கள் ஒவ்வொருவராக ஏறிப் போனார்கள். பயிற்சியாளர் குனிந்து, இவர்களெல்லாம் போனபிறகு வாருங்கள், எப்படியும் தண்ணீரை மாற்றப்போகிறோம் என்றார்." கிளப்பின் பெயரையும் விடவில்லை.

வீட்டில் நோயல் அணைத்த டிவியின் முன் உட்கார்ந்திருந்தான்.

"நீங்களாவா சொன்னீங்க?" என்று கேட்டாள்.

"அப்படிச் சொல்லச் சொல்லி கிளப் செக்ரட்டரி வாய்ஸ் மெசேஜ் போட்டாரு. ஆனா சொன்னது நான்தான். அந்தம்மா என்னைத் திட்டக்கூட இல்ல, ஆனி. துண்டை எடுத்துக்கினு போயிட்டாங்க."

மறுநாள் காலை, அது பயிற்சியாளரின் தனிப்பட்ட தவறு, அவரை நீக்கிவிட்டோம் என்று கிளப் அறிவித்தது. நோயல் அதைச் செய்தியில் பார்த்துத்தான் தெரிந்துகொண்டான். கீழ்வீட்டுக்காரர்கள் முகம் கொடுக்கவில்லை. கொஞ்ச நேரத்தில் கிளப் சீருடையில் இருவர் மாடியேறி வந்தார்கள். கிளப் கொடுத்த போனைத் திருப்பித் தரவேண்டுமாம். செக்ரட்டரியின் குரல் அதில்தான் இருந்தது.

"சாயங்காலம் வாங்க," என்று ஆனி கதவைச் சாத்தினாள்.

நோயல் போனை அவளிடம் நீட்டினான். "அந்தம்மா நம்பர் உங்கிட்ட இருக்கில்ல? அந்த மெசேஜ அனுப்பிடு. என் பேரும் வரட்டும்."

அவள் அனுப்பினாள். போய்ச் சேர்ந்ததும் இருவரும் கதவைப் பார்த்தார்கள். வந்தவர்கள் படியிறங்கும் சத்தம் இன்னும் கேட்கவில்லை.