மூன்று பக்க வசனம்

“கையை எடுடா,” என்றார் இயக்குநர்.

மைத்துனன் வாயைப் பொத்தியிருந்த கையை மெதுவாக எடுத்தான். நேற்றுவரை அங்கே இருந்த மீசையைக் காணோம்.

“கடைசி சீனாச்சேன்னு லேசா ஒதுக்கினேன் மாமா. வலது பக்கம் கொஞ்சம் குறைஞ்சுது. இடது பக்கத்தைச் சமம் பண்ணினேன். அப்புறம் வலது...”

“போதும். மீதிக் கதை உன் மூஞ்சியிலேயே இருக்கு.”

இயக்குநர் கணக்கு வாத்தியார். லீவு நாட்களில் மட்டும் படம் எடுப்பார். கதை, வசனம், இயக்கம் எல்லாம் அவரே; நடிக்கச் சொந்தபந்தம். வாடகைக் கேமராவைச் சாயங்காலம் திருப்பித் தர வேண்டும். பாக்கி ஒரே காட்சி: எட்டு வருடம் கழித்து வீடு திரும்பும் தம்பி அக்காவிடம் மன்னிப்புக் கேட்கிறான். தம்பி இந்த மைத்துனன்தான்; அவன் மீசையோடு வாசலில் வந்து நிற்பதை நேற்றே எடுத்தாகிவிட்டது. மூன்று பக்க வசனம். ஆறு மாதம் அடித்து அடித்து எழுதியது. இதுவரை எழுதியதில் அதுதான் உருப்படி என்று அவருக்கு எண்ணம்.

விபத்துகள் அவருக்குப் புதிதல்ல. முதல் படத்தில் நாயகிக்குப் பாதியில் கல்யாணமாகிவிட்டது. மீதிப் படத்தில் அவளுடைய கடிதங்கள் நடித்தன. இரண்டாவதில் வீட்டுக்காரர் சொல்லாமல் கொள்ளாமல் சுவருக்குப் பச்சை அடித்துவிட, நாயகன் பெயின்டரானான்.

“இவனை என்ன பண்ணப் போறீங்க? சாகடிச்சிடுங்களேன்,” என்றாள் அக்காவாக நடிக்கும் மனைவி. நிஜத்திலும் அவள் அவனுக்கு அக்காதான்.

“கூடப் பிறந்தவ பேசற பேச்சா இது?”

இயக்குநர் குளியலறைக்குப் போய் ஷேவிங் சோப்பும் பிரஷ்ஷும் ரேசரும் கொண்டுவந்தார்.

“நுரையைப் பூசிட்டா உள்ளே மீசை இருக்கா இல்லையான்னு யாருக்குத் தெரியும்? வந்தவனுக்கு நீ சவரம் பண்ணிவிடறே. நுரை போகும்போது மீசையும் போச்சு.”

“வசனம்?” என்றார் கேமராமேன். “வாயைத் திறந்தா சோப்பு உள்ளே போயிடும் சார்.”

இயக்குநர் மூன்று பக்கங்களையும் முதலிலிருந்து ஒருமுறை படித்தார். பிறகு நாலாக மடித்துச் சட்டைப்பையில் வைத்தார்.

“ஆரம்பிக்கலாம்.”

மனைவி தம்பியின் தாடையைப் பிடித்து நிமிர்த்தினாள். ரேசர் மெதுவாக இறங்கியது. அவன் கண் கலங்கியது, சோப்பு எரிச்சல்தான்.

“ஆடாதே. அறுத்துடும்,” என்றாள்.

யாரும் எழுதாத வசனம். நிறுத்தலாமா என்று கேமராமேன் திரும்பிப் பார்த்தார். இயக்குநர் வேண்டாமென்று கையைக் காட்டினார்.

மறுநாள் திங்கட்கிழமை. இயக்குநர் எட்டரைக்குப் பள்ளிக்குப் போனார். முதல் வகுப்பில் வட்டத்தின் பரப்பளவு நடத்தினார். இரண்டாவது வகுப்புக்கு வரவேண்டிய வாத்தியார் வராததால் அதையும் அவரே பார்த்துக்கொண்டார். மாலையில் எடிட்டரிடம் போய், கடைசிக் காட்சி இரண்டு நிமிடம் வரும் என்றார்.