மனுவில் இல்லாத மகள்

வக்கீல் கேட்ட அந்த நிமிடத்தில் நான் ஏன் வாயைத் திறக்கவில்லை? எனக்கு இன்னும் பதில் தெரியவில்லை.

அப்பா போன பிறகு சூலூர் வீடும் தறிகளும் அண்ணன் கைக்கு வந்தன. அண்ணிக்கும் அம்மாவுக்கும் ஒத்துவராமல், அம்மா பின்புறத்து அறையில் தனி அடுப்பு வைத்துக்கொண்டார். கொஞ்ச நாளில் அரிசி பருப்பு கொடுப்பதையும் அண்ணன் நிறுத்திவிட்டார். காப்பாற்றாத மகன் மேல் பெற்றவர்கள் மனுப் போடலாம் என்று பத்திரிகையில் படித்துச் சொன்னதே நான்தான். என் ஒரு வயது மகளை இடுப்பில் வைத்துக்கொண்டு அம்மாவைக் கோயமுத்தூர் வக்கீலிடம் அழைத்துப்போனதும் நான்தான்.

அவர் எழுதிக்கொண்டே, எத்தனை பிள்ளைகள் என்று கேட்டார்.

"ஒரே பையனுங்க" என்றார் அம்மா. நான் யார் என்றதற்கு, தங்கச்சி மகள் என்றுவிட்டார்.

சம்பாதிக்கும் மகள் இருந்தால், கட்டிக்கொடுத்திருந்தாலும் சட்டப்படி அவளுக்கும் இந்தக் கடமை உண்டு, அதற்காகத்தான் கேட்டேன் என்றார் வக்கீல். நான் பள்ளிக்கூடத்தில் டீச்சர். குழந்தையின் சட்டைப் பித்தானைப் போட்டுக்கொண்டிருந்தேன்.

திரும்பும் பஸ்ஸில் அம்மாவைக் கடிந்துகொண்டேன், ஒப்புக்கு.

"உம்பட பேரு கோர்ட்டுக்குப் போனா உன்ர மாமியா ஊட்டுல சும்மா உடுவாங்களா கண்ணு? மகளூட்டுச் சோத்துல உசுரு வாழறான்னு எனக்கும் பேரு வேண்டாஞ்சாமி."

மகளைக் கொடுத்த வீட்டில் ஒரு வேளை சாப்பிடவே எங்கள் பக்கம் பெற்றவர்கள் கூசுவார்கள். அம்மா சொன்னது நியாயமாகப் பட்டது. அதைவிட, எனக்கு நிம்மதியாக இருந்தது. அந்த நிம்மதிதான் இப்போது உறுத்துகிறது. என் சம்பளம் அப்படியே மாமியாரிடம் போகிறது. அதில் அம்மாவுக்கென்று கேட்க எனக்கு ஒருநாளும் தைரியம் வந்ததில்லை.

அதற்கு அடுத்த மாதம் மகளுக்குக் காதுகுத்து வைத்தோம். தாய்மாமன் மடியில் உட்காரவைத்துத்தான் குத்த வேண்டும். கோர்ட் நோட்டீஸ் கைக்கு வந்த அண்ணன் எங்கே வரப்போகிறார் என்று பயந்தேன். வந்தார், தட்டு நிறையச் சீரோடு. வழக்கு வேறு, சீர் வேறு என்பது அவர் நினைப்பு. அவர் முகத்தில் விழிக்கப் பிடிக்காமல் அம்மா வரவில்லை. குழந்தை வீறிட்டபோது அண்ணன் அதன் தலையை நெஞ்சோடு அணைத்துக்கொண்டார். மற்றவர்கள் பந்திக்கு நகர்ந்ததும் சிரித்துக்கொண்டே கேட்டார்:

"நோட்டீசுல அம்மாளுக்கு நா ஒரே பையன்னு போட்டிருக்குது. அப்ப நீ ஆரு அம்மணி? நா ஆரூட்டுப் பிள்ளைக்கு மடி குடுத்தேன்?"

"சாப்பிட வாங்ணா" என்றேன்.

விசாரணை பொங்கல் கழிந்துதான். அண்ணனின் வக்கீல் முதலில் இதைத்தான் கிளறுவார். அம்மா பொய்க்காரியாகக் கூண்டில் நிற்பார், கேட்ட சோறும் கிடைக்காமல் போகலாம். அதற்கு முன்பே நான் வக்கீலிடம் போய் உண்மையைச் சொன்னால், என் பேரும் மனுவில் ஏறும். போகமாட்டேன் என்று என் மகள் தலையில் என் கையை வைத்து அம்மா சத்தியம் வாங்கியிருக்கிறார். கணவரிடம் இன்னும் சொல்லவில்லை.

இதைப் படிக்கும் அம்மாக்களே, மகள்களே, அம்மாவின் பேச்சை மீறிப் போகட்டுமா, பேசாமல் இருக்கட்டுமா? பொங்கலுக்குள் எனக்கு ஒரு வழி சொல்லுங்கள்.