இரண்டாவது ஏணி

2024ஆம் ஆண்டு ஜூன் மாதம் 14ஆம் திகதி, வெள்ளிக்கிழமை. விடியற்காலையில் தொடங்கிய மழை பத்து மணியாகியும் விட்டபாடில்லை. கொழும்பில் ஜம்பட்டா வீதியை ஒட்டிய குறுகிய ஒழுங்கைகளில் கணுக்காலளவு தண்ணீர் நின்றது. துறைமுகப் பக்கத்துக் காற்று சாரலைச் சந்திரகுமாரின் கராஜுக்குள்ளும் அடித்துக்கொண்டிருந்தது.

அந்த மழைக்குள்தான் ஷிப்லி தன் வெள்ளைக் காரைக் கொண்டுவந்து நிறுத்தினார். வெள்ளவத்தையில் வாடகைக் கார்கள் விடும் தொழில் அவருடையது. காரின் பின்பக்கம் உள்வாங்கி, ஒரு விளக்கு உடைந்திருந்தது.

“குமார் பாஸ், தகர வேலைக்கு வரல்ல. அது வேற ஆள் பார்ப்பார். இந்தக் கெமராவ ஒருக்காப் பாருங்க. ரிவர்ஸ் போட்டா இது யோசிச்சு யோசிச்சுத்தான் கண்ண முழிக்குது. அதுக்குள்ள டிரைவர் மதிலுக்குக் குடுத்துட்டான்.”

“கண்ணாடியப் பார்த்து எடுக்கலாம்தானே?”

“கெமரா வந்த பொறகு எவன் பாஸ் கண்ணாடி பார்க்கிற? மதிலோட போச்சுதே, அல்ஹம்துலில்லாஹ். மதிலுக்கு முன்னால ஒரு புள்ளட சைக்கிள் நின்ட. புள்ள தண்ணி குடிக்க உள்ள போயிருந்த. சைக்கிள் அப்பளம்.”

சந்திரகுமார் கைகளைத் துணியில் துடைத்துக்கொண்டு சாரதி ஆசனத்தில் அமர்ந்தார். பின்னோக்கிய கியரைப் போட்டார். திரை கறுத்தது. ஒன்று, இரண்டு, மூன்று என்று அவர் உதடு எண்ணியது. அதன் பின்னரே ஒழுங்கையும் மழையும் திரையில் தெரிந்தன. அந்த மூன்று விநாடிகளை அவர் நன்கு அறிவார். அவை அவருடைய சொந்தப் பிழை.

சந்திரகுமார் முகத்துவாரத்தில் பிறந்தவர். தகப்பனார் துறைமுகத்தில் மூட்டை இறக்கியவர். பதினேழு வயதில் மருதானையில் ஒரு பற்றரிக் கடையில் வேலைக்குச் சேர்ந்து, கம்பிகளின் நிறங்களையும் அவற்றின் போக்கையும் அங்கேயே கற்றார். பின்னர் கொட்டாஞ்சேனையில் இரண்டு கார் நிற்கக்கூடிய ஒரு கராஜை வாடகைக்கு எடுத்து, அதன் பின்புறத்து இரண்டு அறைகளில் மனைவி யோகேஸ்வரியுடன் குடியேறினார். ஐம்பது வயதை எட்டும்போது முதுகு அவரைக் கைவிட்டது. காரின் அடியில் படுத்து எழும்ப முடியாமற்போனது. அப்போது அவருக்குச் சோறு போட்டது, தாமே எழுதிவைத்த ஒரு குறிப்புக் கொப்பி.

கொழும்பில் ஓடும் கார்களுள் பல, ஜப்பானில் ஓடிப் பழகிய பின்னர் கப்பலேறி வந்தவை. அவற்றின் முகப்புத் திரைகள் ஜப்பானிய மொழியைத் தவிர வேறொன்றும் அறியாதவை. வாகன இறக்குமதி நின்றிருந்த அந்த ஆண்டுகளில், புதிய கார் வாங்க வழியில்லாதவர்கள் தம்மிடமிருந்த காருக்கே புதிய வசதிகளைப் பூட்டிக்கொண்டார்கள். பின்புறக் கெமரா அவற்றுள் ஒன்று. கெமராவைப் பின்கதவில் பூட்டி, கம்பியை உள்ளால் இழுத்துத் திரையின் முதுகில் செருகுவது எவராலும் இயலும். ஆனால் செருகிய பின்னரும் திரை ஒன்றையும் காட்டாது. கெமரா உண்டென்று அதற்கு அறிவித்தாக வேண்டும். அறிவிக்கும் இடமோ மறைவான ஒரு பட்டியலுக்குள் இருந்தது. ஒரு பொத்தானை அழுத்திப் பிடித்தபடி முன்விளக்கை மூன்று முறை போட்டு அணைத்தால் அந்தப் பட்டியல் திறக்கும்.

2021ஆம் ஆண்டின் ஊரடங்கில் ஒரு கார் அவருடைய கராஜில் ஒரு மாதம் அகப்பட்டுக் கிடந்தது. அந்த ஒரு மாதமும் அவர் அந்தத் திரையோடு மல்லுக்கட்டினார். ஜப்பானிய எழுத்து ஒன்றும் தெரியாதவர், ஒவ்வோர் எழுத்துக்கும் தோற்றத்தைப் பார்த்துத் தாமே பெயர் வைத்தார். கீழே நான்கு சிறு புள்ளிகளோடு நின்றதற்கு ‘நாலு கால்’ என்று பெயர். படிகளுள்ளது போலத் தெரிந்ததற்கு ‘ஏணி’ என்று பெயர். நாலு கால் என்றால் இல்லை. ஏணி என்றால் உண்டு. கெமராவுக்குரிய வரியில் நாலு காலை ஏணியாக்கினார். படம் வரவில்லை. அதற்கடுத்த வரியிலும் ஏணியை ஏற்றினார். போகிற போக்கில் திரையின் முதுகிலிருந்த செருகியையும் ஒருமுறை இறுக்கினார். படம் வந்தது. இரண்டு ஏணிகளும் வேண்டும் என்று கொப்பியில் எழுதி, கீழே கோடிட்டார். படத்தை வரவழைத்தது செருகி என்பது அவருக்கு அன்று தோன்றவில்லை. படத்துக்கு முன்னர் வந்த மூன்று விநாடிக் கறுப்பையும், பழைய திரை மெதுவாகத்தான் விழிக்கும் என்று விட்டுவிட்டார்.

அந்தக் கொப்பியின் பக்கங்களைக் கண்டவர் அவரைத் தவிர ஒருவர்தான். யோகேஸ்வரியின் தம்பி ஜெயரூபன், பதினொரு வருடங்கள் அவருடன் அதே கராஜில் தோளோடு தோள் நின்று வேலை செய்தவர். ஒரே கோப்பைத் தேநீரை இருவரும் பகிர்ந்து குடித்த நாட்கள் பல. இந்த 2024 பெப்ரவரியில், கத்தாருக்கு விசா கிடைத்துவிட்டது என்றார் ஜெயரூபன். புறப்படுவதற்கு முதல் நாள் மாலை, “அத்தான், அந்தக் கொப்பிய ஒருக்காப் போட்டோ எடுக்கட்டா? அங்கயும் ஜப்பான் வண்டி இருக்கும்தானே,” என்று கேட்டார். சந்திரகுமார் தாமே பக்கம் பக்கமாகப் புரட்டி, நிழல் விழாதபடி விளக்கின் கீழ் பிடித்துக்கொடுத்தார். தம்முடைய நல்ல பயணப் பையையும் கொடுத்து அனுப்பினார்.

வெள்ளிக்கிழமைதோறும் மதியம் ஜெயரூபனிடமிருந்து அழைப்பு வரும். ஒரு ஹோட்டலில் ஏசி வேலை என்றும், காரைத் தொடுவதே இல்லை என்றும் சொல்வார். அதனால்தான் ஏப்ரல் மாதத்தில் தம் பிழையைக் கண்டுபிடித்தபோது சந்திரகுமார் அதை அவரிடம் சொல்லவில்லை. இரண்டாவது வரி வேறொரு கெமராவுக்குரியது. இடப்பக்கத்துச் சில்லு உருளும் இடத்தைக் காட்டுவது. இல்லாத அந்தக் கெமராவைத் திரை முதலில் மூன்று விநாடி தேடுகிறது. இதை அறிந்த நாள் முதல் அவர் தாம் செய்த வண்டிகளையெல்லாம் ஒவ்வொன்றாகத் திருப்பி அழைத்து, இரண்டாவது ஏணியை இறக்கிவிட்டார். கூலி வாங்கவில்லை.

இப்போது ஷிப்லியின் காரில் அதே ஏணி நின்றது. பொத்தானை அழுத்தி, முன்விளக்கை மூன்று முறை போட்டு அணைத்துப் பட்டியலுக்குள் போனவர், அந்த இரண்டாவது வரியையே பார்த்துக்கொண்டிருந்தார். வேறு யாராவது தற்செயலாக இதே பிழையைச் செய்திருக்கலாம் என்று எண்ண விரும்பினார்.

“இது எங்க செய்தது?”

ஷிப்லி சற்றுக் கூச்சப்பட்டார். “குறை நெனைக்காதீங்க பாஸ். கொள்ளுப்பிட்டில ஒரு கட. ஏசி போட்டு, சோபா போட்டு, கோப்பியும் தாரானுகள். பதினாலு வண்டியயும் ஒரே கெழமைல செஞ்சு தந்தானுகள்.”

“வேலை செய்தவர் ஆர்?”

“பேர் தெரியா. ஒசந்த ஆள். நம்மட தமிழ் ஆள்தான். எல்லாரயும் ‘தலைவர், தலைவர்’ எண்டுதான் கூப்பிடுவார். பகிடிக்காரன். ‘ஒண்டுமில்ல தலைவர், நாலு கால ஏணியாக்கினா படம் வந்திரும்’ எண்டு சொல்லிச் சிரிச்சார். எனக்கு ஒண்டும் வெளங்கல்ல.”

சந்திரகுமாருக்கு விளங்கியது. அவர் விரல் திரையின்மீது அசையாமல் நின்றது. உலகத்தில் அந்த எழுத்துகளை அந்தப் பெயரால் அழைப்பவர்கள் இரண்டே பேர். ஒருவர் இந்த ஆசனத்தில் இருக்கிறார். மற்றவர் கத்தாரில் ஏசி பூட்டிக்கொண்டிருக்க வேண்டியவர்.

“என்ன பாஸ், பெரிய வேலையா?”

“இல்லை. ரெண்டு நிமிசம்.”

அவர் இரண்டாவது ஏணியை நாலு காலாக்கினார். பட்டியலை விட்டு வெளியே வந்து மீண்டும் கியரைப் போட்டார். கண் இமைக்கும் முன் படம் வந்தது. ஷிப்லி வாயைப் பிளந்தார்.

“மத்தப் பதிமூண்டையும் நாளைக்கே கொண்டுவாங்கோ,” என்றார் சந்திரகுமார். “அதுவரைக்கும் டிரைவர்மாரைக் கண்ணாடி பார்க்கச் சொல்லுங்கோ. அந்தக் கடையில வேற ஆக்களும் செய்விச்சவங்களா?”

“ஓ, எப்பவும் கியூதான். ஸ்கூல் வான்கள் கூட நின்ட.”

கார் போன பின்னரும் அவர் கராஜின் வாயிலிலேயே நின்றார். ஷிப்லியின் வண்டிகள் தேடிவரும். மற்றவை யாருடையவை, எந்த ஒழுங்கையில் எந்தப் பிள்ளையின் பின்னால் மூன்று விநாடி குருடாக நகர்கின்றன என்பதை அவர் அறிய வழியில்லை. அறிந்தவர் ஒருவரே. இந்தத் திருத்தம் ஒன்றுதான் இனிச் சந்திரகுமாரிடம் மட்டும் எஞ்சியிருந்தது. இதை வைத்துக்கொண்டால் கொள்ளுப்பிட்டிக் கடையின் பெயர் தானாகவே கெடும். வண்டிகள் ஒவ்வொன்றாகக் கொட்டாஞ்சேனைக்குத் திரும்பும். ஆனால் அவை திரும்பிவரும் வரைக்கும் ஓடிக்கொண்டிருப்பது, அவர் கைப்படக் கோடிட்டு எழுதிய பிழை.

ஒரு மணிக்குச் சாப்பிடப் போனார். வெள்ளிக்கிழமை என்பதால் மரக்கறிச் சாப்பாடு. யோகேஸ்வரி பருப்பை விடும்போது தொலைபேசி அடித்தது. அவள் எடுத்து இரண்டு வார்த்தை பேசிவிட்டு நீட்டினாள்.

“அத்தான், எப்பிடி? கராஜ் போகுதா?”

“போகுது. அங்க வெயிலோ?”

“ஐயோ, ஏன் கேக்கிறீங்கள்! தோல் உரியுது. வெளியில தலை காட்ட ஏலாது.”

அந்தக் குரலின் பின்னால் தகரத்தில் மழை கொட்டும் ஓசை கேட்டது. அதற்கும் மேலாக ஒரு கொழும்பு பஸ் நடத்துனரின் தொண்டை, “பம்பலப்பிட்டிய, வெள்ளவத்த, தெஹிவல!” என்று கூவிக்கொண்டு கடந்து போனது.

அந்தக் கூவல் தேயும் வரைக்கும் சந்திரகுமார் காத்திருந்தார்.

“ரூபன், கொப்பியின்ட போட்டோவ எடு.”

“எ... என்னத்துக்கு அத்தான்?”

“எடு. ரெண்டாவது வரி பிழை. அதில ஏணி போடக் கூடாது. நாலு காலாவே விடவேணும். அதாலதான் படம் பிந்தி வருது. விளங்கிச்சுதா?”

மறுமுனையில் மழை மட்டும் பெய்தது.

“நீ எத்தனை வண்டி செய்தனீ?”

“அத்தான், நான் வந்து... அது முதலாளி சொன்னதால...”

“எத்தனை?”

“அறுபதுக்குக் கிட்ட.”

“அறுபதையும் கூப்பிட்டுத் திருத்து. ஸ்கூல் வான்களை முதல் கூப்பிடு. இண்டைக்கே தொடங்கு. முதலாளி மாட்டன் எண்டால், நானே அங்க வந்து வாசல்ல நிண்டு ஒவ்வொரு வண்டிக்காரனுக்கும் சொல்லுவன்.”

“உங்களிட்டச் சொல்ல எனக்கு முகமில்லாமப் போச்சுது அத்தான்...”

“கொப்பிய நான்தான் உனக்கு விரிச்சுப் பிடிச்சனான். கேட்டிருந்தால் கொள்ளுப்பிட்டிக்கெண்டும் விரிச்சுப் பிடிச்சிருப்பன்.”

தொலைபேசியை மேசையில் வைத்தார். யோகேஸ்வரி கரண்டியுடன் அதே இடத்தில் நின்றாள். அவளுடைய முகத்தில் அச்சம் இருந்தது. வியப்பு மட்டும் இல்லை. கத்தாரிலிருக்கும் தம்பி எப்படிக் கொள்ளுப்பிட்டியில் நிற்பான் என்று அவள் கேட்கவுமில்லை. சந்திரகுமார் அதைக் கவனித்தார். வெள்ளிக்கிழமைகளில் கொள்ளுப்பிட்டிக்கு அடுத்த பம்பலப்பிட்டிக் கோவிலுக்குப் போய், வழக்கத்தைவிடப் பிந்தி அவள் வந்த மாலைகள் நினைவுக்கு வந்தன. இரண்டு வாரங்களுக்கு முன்னர், அவருடைய பயணப் பை வீட்டு அலுமாரியின் மேல் திரும்பவும் இருந்ததைக் கண்டு, வேறு பை என்று நினைத்ததும் நினைவுக்கு வந்தது.

“எப்ப இருந்து தெரியும்?”

“முதல்ல இருந்தே,” என்றாள் அவள். “போகேல்லை எண்டு அடுத்த கிழமையே சொன்னவன். கடைக்கார மனிசன் பங்கு தாறன் எண்டு சொல்லி வைச்சிருக்கு. நல்லா வந்தாப் பிறகு தானே வந்து சொல்லுறன் எண்டவன். நான் என்ன செய்யிறது? அவனும் என்ட தம்பி.”

“நாலு மாசம் நான் அவனிட்ட வெயிலைப் பற்றிக் கேட்டனான் யோகேஸ். நீ பக்கத்தில நிண்டு கேட்டுக்கொண்டிருந்தனீ.”

மழை சற்றுக் குறைந்து, கூரையிலிருந்து வடிந்த நீர் வாளியில் விழும் ஓசை கேட்டது. சந்திரகுமார் சோற்றைப் பிசைந்தார், சாப்பிட்டார், சாப்பிட்ட கோப்பையைத் தாமே கழுவி வைத்தார். பின்னர் அலுமாரியிலிருந்து கொப்பியை எடுத்து, பேனையால் இரண்டாவது வரியை வெட்டி, அன்றைய திகதியைப் பக்கத்தில் எழுதினார். வெட்டியிருக்க வேண்டிய நாள் ஏப்ரலில் என்றோ கடந்துவிட்டது. கைப்பழக்கத்தில் வேலை சரியாக நடந்ததால் கொப்பியைத் திருத்தாமல் விட்டிருந்தார்.

யோகேஸ்வரி அருகில் வந்தாள். கணவன் சத்தம் போடாததும், தம்பிக்குத் திருத்தத்தைச் சொல்லிக்கொடுத்ததும் அவளுக்கு ஏதோ ஒரு நம்பிக்கையைக் கொடுத்திருக்க வேண்டும்.

“நீங்கள் பெரிய மனசோட சொல்லிக் குடுத்திட்டீங்கள். அவன் அங்க அழுதுகொண்டிருப்பான். ஞாயிற்றுக்கிழமை சாப்பிட வரச் சொல்லட்டா?”

சந்திரகுமார் கொப்பியை மூடினார்.

“வேண்டாம்.”