ஒரு வரி விடாமல்

அந்தக் கண் ஆஸ்பத்திரியின் மூன்றாவது மாடியில் அவளுக்குக் கறார் அக்கா என்று பேர். வார்டு ஆயா வேலையில் இருபத்திரண்டு வருஷம். ஊசி வலிக்குமா என்று கேட்டால், "வலிக்கும். பத்து எண்ணுங்க, போயிடும்" என்பாள். கண்ணில் கட்டுப் போட்டுப் படுத்திருப்பவர்களிடம் பொய் சொல்லக் கூடாது என்பது அவள் தனக்குத்தானே போட்டுக்கொண்ட சட்டம். அதில் மட்டும் வெட்டு ஒன்று, துண்டு இரண்டுதான்.

சும்மா வந்த சட்டமில்லை அது. புருஷன் பதினோரு மாதம் படுக்கையில் கிடந்தபோது, "சரியாயிடும்" என்று வீடே சேர்ந்து அவனை ஏமாற்றியது. அவளும்தான். ஒருநாள் விடாமல் பிரார்த்தனையும் செய்தாள். சொல்ல நினைத்ததை எல்லாம் நாளைக்குச் சொல்லலாம் என்று வைத்துக்கொண்டே அவன் போய்ச் சேர்ந்தான். அதற்கப்புறம் பொய், பிரார்த்தனை இரண்டையும் விட்டுவிட்டாள். "கடவுள்மேல கோபமாக்கா?" என்று யாராவது கிளறினால், "இல்லாதவர்மேல கோபப்பட்டு என்ன பண்ண? போய் வேலையைப் பாரு" என்பாள். வேலையற்றவர்களுக்கு இது ஒரு பேச்சு. அவள் காதில் போட்டுக்கொள்வதில்லை.

ஏழாம் நம்பர் கட்டிலுக்கு ஒரு தையல்காரர் வந்தார். ஒரு கண் சின்ன வயதிலேயே போய்விட்டது. மிச்சமிருந்த கண்ணிலும் விழித்திரை விலகியிருந்தது. இரண்டையும் கட்டி, ஆடாமல் அசையாமல் படுக்க வைத்திருந்தார்கள். ரத்த அழுத்தம் இறங்கினால்தான் ஆபரேஷன். தள்ளிப்போனால் இருக்கிற பார்வையும் போய்விடும். மருந்துக்கு மசியாத அழுத்தம், அவருடைய பிரார்த்தனைப் புத்தகத்தை யாராவது படித்துக் காட்டினால் இறங்கியது. நாற்பது பக்கம், பொடி எழுத்து. முதல் மூன்று நாளும் டியூட்டி முடிந்த கையோடு அக்காதான் ஸ்டூலை இழுத்துப் போட்டுக்கொண்டு படித்தாள்.

நாலாம் நாள் மகன் வந்தான். வந்ததும் வராததுமாக யாரோ அவன் காதில் ஓதிவிட்டார்கள். ஊர் வாயை மூட உலைமூடி ஏது?

"கடவுளே இல்லைன்னு சொல்றவங்களையா படிக்க விட்டீங்கப்பா? அந்த வாயால படிச்சா பலிக்குமா?"

தையல்காரருக்கு முகம் செத்துப்போனது. "இனிமே அந்தம்மா வேணாம்" என்றார். அன்று மகனே படித்தான். கால் மணி நேரத்தில் முடித்துவிட்டு, இரவு ஷிப்டுக்கு நேரமாகிவிட்டதென்று ஓடினான். மறுநாள் காலையில் அழுத்தம் நூற்றெண்பதைத் தாண்டியிருந்தது.

டாக்டரம்மா அக்காவைத் தனியாகக் கூப்பிட்டாள். "சாயங்காலத்துக்குள்ள இறங்கலைன்னா நாளைக்கு ஆபரேஷன் கிடையாதுக்கா. 'நானும் நம்புறவதான், யாரோ தப்பாச் சொல்லிட்டாங்க'ன்னு ஒரு வார்த்தை சொல்லிடுங்க. கண்ணு போற விஷயம்."

ஆயிரம் பொய் சொல்லிக் கல்யாணம் பண்ணி வைக்கிற ஜனங்கள் நாம். ஒன்றே ஒன்று சொன்னால் குடியா முழுகிவிடும்? துணி மடிக்கிற அறையில் அக்கா வெகுநேரம் நின்றாள். என் நேர்மைக்கு அந்த மனுஷனுடைய கண்ணா விலை என்று பயந்தாள். பொய்யைச் சொல்லிவிடுவது என்று முடிவு பண்ணிக்கொண்டுதான் வார்டுக்குப் போனாள்.

அவர் போர்வையின் ஓரத்தை விரலால் தடவித் தடவித் தையலைப் பார்த்துக்கொண்டிருந்தார். "யாரு?" என்றார். அந்தக் குரலைக் கேட்டதும் அவளுக்குப் பொய் வரவில்லை.

"நான்தாங்கய்யா. உங்க பையன் சொன்னது நிஜம். எனக்கு நம்பிக்கை கிடையாது. உங்களுக்கு இருக்கு. படிக்கட்டுமா, போகட்டுமா?"

தையலைத் தடவிக்கொண்டிருந்த விரல் நின்றது.

"நம்பிக்கை இல்லாதவ ஏம்மா மூணு நாளும் ஒரு வரி விடாம படிச்சே?"

"முழுசாப் படிக்கச் சொன்னீங்க. கண்ணைக் கட்டிக்கிட்டுப் படுத்திருக்கறவர்கிட்ட பாதியைக் குடுத்துட்டு முழுசுன்னு சொன்னா, அது திருட்டுங்கய்யா."

"எம் பையன் இருபது பக்கத்தை முழுங்கிட்டான்" என்றார் அவர். "எனக்கு மனப்பாடம்னு அவனுக்குத் தெரியாது. நானே சொல்லிக்கிட்டா மனசு அடங்க மாட்டேங்குது. இன்னொருத்தர் குரல்ல கேக்கணும்." பெருமூச்சு விட்டார். "ராத்திரி பூரா யோசிச்சேன். நம்புறவன் ஏமாத்திட்டான், நம்பாதவ ஏமாத்தல. யார்மேல கோபப்படறதுன்னே தெரியல. உக்காரும்மா."

அக்கா படித்தாள். முப்பதாம் பக்கத்தில் டாக்டரம்மா வந்து அவர் கையில் பட்டையைச் சுற்றி அழுத்தத்தை அளந்தாள். நூற்று நாற்பது. "நாளைக்குப் பண்ணிடலாம். நிறுத்தாதீங்கக்கா" என்று சொல்லிவிட்டுப் போனாள்.

கடைசிப் பக்கத்தில், 'இதை வாசிக்கும் என்னையும் காப்பாயாக' என்று ஒரு வரி. வாயைத் திறப்பதற்குள் தையல்காரர் கையை நீட்டித் தடுத்தார்.

"அதை நீ சொன்னா பொய்யாயிடும். நான் சொல்லிக்கிறேன்" என்றார். பிறகு, கட்டுப் போட்ட முகத்தை மேலே திருப்பிக்கொண்டு நிதானமாகச் சொன்னார்: "இதை வாசிக்கும் இவளையும் காப்பாயாக."

அக்கா புத்தகத்தை மூடி வைத்தாள். அவர் கையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.